மாண்டோரும் மீண்டோனும்: பார்பூஸின் ‘நெருப்பு’ பற்றி ஒரு மதிப்பீடு

யுத்தமொன்று முடிந்ததும் மாண்டவர்களுக்காகப் பேசுவதற்குப் பலர் முன்வருகின்றனர். ஆட்சியாளர் கல் நாட்டிப் பேசுகின்றனர்; மதகுருமார் ஆசி கூறிப் பேசுகின்றனர்; பத்திரிகைகள் புகழாரம் சூட்டிப் பேசுகின்றன. இவர்களுட் பெரும்பாலானோர் மாண்டவனோடு ஒரே அகழியிற் படுத்தவரல்லர். ஒரே ரொட்டியைப் பங்கிட்டு உண்டவருமல்லர். அவ்வாறு படுத்தும் உண்டும் உயிர்மீண்டு வந்த சாதாரணப் படைவீரன் வாய்திறக்கும்போது அவன் குரல் மற்றைக் குரல்களோடு இசைந்துபோவது அரிது. இவ்விசைவின்மையிலிருந்தே இருபதாம் நூற்றாண்டு யுத்த இலக்கியத்தின் சிறந்த பகுதி பிறந்தது எனலாம். அவ்விலக்கியத்துக்கு முன்னோடியாக விளங்கிய ஹென்றி பார்பூஸின் ‘நெருப்பு’ என்னும் பிரெஞ்சு நாவலை இங்கு மதிப்பிட முயல்வோம். தோழரின் நினைவைப் பேணுதல் என்பது யாது? அவர்தம் பெயரைப் பேணுதலா, அவர் பட்டதைப் பேணுதலா, அவர் மாண்டதற்கான காரணத்தைப் பேணுதலா? இவ்வினாக்களே எமது அளவுகோலாகும்.

1914 ஆகஸ்டில் முதலாம் உலக யுத்தம் மூண்டபோது பார்பூஸுக்கு வயது 41. 1873 இல் பாரிஸ் நகரின் புறத்தேயுள்ள ஆனியேரிற் பிறந்த அவர், அக்காலை கவிஞராகவும் பத்திரிகையாளராகவும் அறியப்பட்டிருந்தார். 1895 இல் ஒரு கவிதைத் தொகுதியும் 1908 இல் ‘நரகம்’ என்ற நாவலும் அவர் பெயரில் வெளிவந்திருந்தன. வயதும் உடல்நிலையும் அவரைப் போர்முனையிலிருந்து விலக்கிவைக்கப் போதுமானவை. எனினும் தாமாகவே முன்வந்து காலாட்படையிற் சேர்ந்தார். சேர்ந்த காரணத்தைச் சோஷலிஸ்டுகளின் நாளேடான ‘லூமனித்தே’க்கு எழுதிய கடிதமொன்றில் விளக்கவுஞ் செய்தார். இராணுவவாதத்தையும் ஏகாதிபத்தியத்தையும் வீழ்த்தும் யுத்தம் இதுவென்று அவர் அன்று மனமார நம்பினார். அந்நம்பிக்கையோடு சென்றவரை 231 ஆம் காலாட்படைப் பிரிவின் அகழிகள் வேறு மனிதராக்கின. 1915 ஜனவரியில் சுவாசோன் நகருக்கு அண்மையிலுள்ள குரூயி, பின்னர் ஆர்த்துவாப் பிரதேசத்துச் சூஷே, 119 ஆம் குன்று ஆகிய களங்களை அவர் கண்டார். காயம்பட்டோரைத் தூக்கிச் செல்லும் பணியையும் செய்தார். 1916 இல் நோயுற்று மருத்துவமனைகளிற் கழித்த மாதங்களில், களத்திற் குறித்துவைத்தவற்றைக் கொண்டு இந்நாவலை எழுதினார்.

யுத்தகாலத் தணிக்கை நடைமுறையிலிருந்த வேளையிலேயே, 1916 ஆகஸ்ட் முதல் பாரிஸ் நாளேடொன்றில் இது தொடராக வெளிவந்தது. அவ்வாண்டு நவம்பரில் நூலாயிற்று. டிசம்பரில் கொன்கூர் பரிசையும் பெற்றது. யுத்தம் முடிவதற்குள் சுமார் 2 இலட்சம் பிரதிகள் விற்பனையாயின. 1917 இல் ஆங்கில மொழிபெயர்ப்பு வெளிவந்தது. ஆங்கிலக் கவிஞர் சீக்பிரிட் சசூன் 1918 இல் வெளியிட்ட தமது யுத்தக் கவிதைத் தொகுதியின் முகப்பில் இந்நாவலிலிருந்து ஒரு பகுதியை எடுத்தாண்டார். யுத்தம் நடந்துகொண்டிருக்கும்போதே, அதே யுத்தத்திற் போரிட்ட படைவீரன் ஒருவன் அதனைக் குற்றக்கூண்டில் நிறுத்தியமையும், அதனை அகழிகளில் இருந்தோரே விரும்பி வாசித்தமையும் இலக்கிய வரலாற்றில் எளிதிற் காணக்கூடியவையல்ல.

நாவலின் துணைத் தலைப்பு ‘ஒரு சிற்றணியின் நாட்குறிப்பு’ என்பதாகும். குரூயியிலும் 119 ஆம் குன்றிலும் தமக்கருகே வீழ்ந்த தோழர்களின் நினைவுக்கு ஆசிரியர் இதனைச் சமர்ப்பணஞ் செய்துள்ளார். இச்சமர்ப்பணத்தில் தேசம், கொடி, வெற்றி முதலிய சொற்களைக் காண்பதற்கில்லை. குறிப்பிட்ட இரண்டு இடங்களில், தம் கைக்கெட்டும் தூரத்தில் விழுந்த மனிதர்களையே ஆசிரியர் நினைவுகூர்கிறார். நூல் முழுவதற்கும் அடிப்படையான நேர்மை இவ்வொரு குறிப்பிலேயே புலனாகின்றது.

முன்னைய யுத்த எழுத்துக்களிற் பெரும்பாலானவை தளபதியின் பார்வையில் அமைந்தவை; சாதாரணப் படைவீரன் அவற்றில் வெறும் எண்ணிக்கையாகவே இடம்பெற்றான். பாடசாலை மாணவர் இன்றும் முதலாம் உலக யுத்தத்தை ஆண்டுகளாகவும் உடன்படிக்கைகளாகவுமே மனனஞ் செய்கின்றனர். பார்பூஸோ தமது சிற்றணியினரை அறிமுகஞ் செய்யுமிடத்து அவர்களின் வயது, ஊர், தொழில் என்பவற்றை ஒவ்வொன்றாக எடுத்துரைக்கிறார். லாமியூஸ் பண்ணையாள், பொத்தர்லூ சுரங்கத் தொழிலாளி, பார்க் முச்சக்கர மிதிவண்டியிற் பொருள் கொண்டுசென்று கொடுத்த பாரிஸ்காரன், கொக்கோன் இரும்புச் சாமான் கடைச் சிப்பந்தி, எதனையும் எண்ணிக் கணக்கிட்டுச் சொல்பவன், கோப்ரல் பெர்த்திரான் தொழிற்சாலை மேற்பார்வையாளன். கல்வியால் உயர்தொழில் பெற்றவரோ செல்வரோ இவர்களிடையே இல்லை என்பதையும் ஆசிரியர் குறிப்பிடத் தவறவில்லை. யுத்தமென்னும் பெரும் பொறி எவருடைய உடல்களைத் தின்று இயங்கிற்று என்பதை இப்பட்டியல் பிரசங்கமெதுவுமின்றி உணர்த்திவிடுகிறது.

இம்மனிதர்கள் நாவலின் பெரும்பகுதியிற் போரிடுவதில்லை. அவர்கள் காத்திருக்கின்றனர். சூப்புக்காக, கடிதத்துக்காக, விடுமுறைக்காக, தம்மை மாற்றவரும் அணிக்காகக் காத்திருக்கின்றனர். பேன் பார்க்கின்றனர்; சேறு வழிக்கின்றனர்; ஒரு தீக்குச்சிக்காக உயிரைப் பணயம் வைக்கின்றனர். இவற்றை விரித்துரைப்பது கதையோட்டத்துக்குத் தடையாகாதா எனச் சிலர் வினவலாம். நாம் அவ்வாறு கருதவில்லை. வீரனென்று ஒருவனைக் கல்லில் வடிப்போர் அவன் சாவை மட்டுமே வேண்டுகின்றனர். அவன் வாழ்ந்த வாழ்வு அவர்களுக்கு வேண்டாதது. தோழனுக்கோ, மாண்டவன் எவ்வாறு சிரித்தான், எதற்காகச் சினந்தான், சட்டைப்பையில் என்ன வைத்திருந்தான் என்பவையெல்லாம் நினைவின் பகுதிகளே. இவற்றை இழந்தபின் எஞ்சுவது எந்த மனிதனுக்கும் பொருந்தக்கூடிய வெறும் புகழுரையாகும்.

இத்தொடர்பில் நாவலின் பதின்மூன்றாம் அத்தியாயம் விசேட கவனத்துக்குரியது. மிகச் சிறிய அத்தியாயம் அது. கதைசொல்லி குறிப்பெழுதிக்கொண்டிருக்கையில் பார்க் அவனிடம் வந்து, தங்களைப்பற்றி எழுதும் புத்தகத்திற் தாங்கள் பேசும் முறையிலேயே பேசவைப்பானா, அன்றித் திருத்தி அழகுபடுத்திவிடுவானா என்று வினவுகிறான். கொச்சைச் சொற்களை அச்சிடுவதற்கு எவரும் துணியமாட்டார் என்ற ஐயமும் அவனுக்கு உண்டு. அச்சொற்கள் இருக்கவேண்டிய இடத்தில் இருக்கும் என்று கதைசொல்லி வாக்களிக்கிறான். 1960 களின் முற்பகுதியில் ஈழத்துப் புனைகதைகளில் உழைக்கும் மக்களின் பேச்சு இடம்பெற்றபோது அதனை ‘இழிசனர் வழக்கு’ என்று பண்டிதர் சிலர் இகழ்ந்ததை இவ்விதழின் வாசகர் அறிவர். அவ்விவாதத்தின் உட்பொருளும் இச்சிறு அத்தியாயத்தின் உட்பொருளும் ஒன்றே. ஒருவனுடைய பேச்சைத் திருத்துபவன் அவனையே திருத்திவிடுகிறான். திருத்தப்பட்ட மனிதன் வாசகனுக்கு உவப்பானவனாக இருக்கலாம், ஆனால் அவன் தோழர் அவனை அடையாளங் காணமாட்டார்.

யுத்தத்தால் இலாபமடைந்தோரும் பாதுகாப்பாக இருந்தோரும் படைவீரனின் நினைவை எவ்வாறு கையாள்கின்றனர் என்பதையும் பார்பூஸ் நுட்பமாகக் காட்டுகிறார். விடுமுறையில் நகரொன்றுக்குச் செல்லும் வீரர் சிலர் உணவுவிடுதியில் அமர்ந்திருக்கையில், நன்கு உடுத்திய சிலர் அவர்களைச் சூழ்ந்து தாக்குதலின் பேரழகை வியந்துரைக்கின்றனர். சேற்றிலிருந்து வந்த அவ்வேழைகள் மறுத்துரைக்கத் தெரியாது தடுமாறி ஆமென்று தலையசைத்துவிடுகின்றனர். பின்னரே அவர்களுட் சினம் மூள்கிறது. நாடு ஒன்றல்ல, இரண்டு. உயிரைக் கொடுப்போரின் நாடு ஒன்று, அதனால் வாழ்வோரின் நாடு மற்றொன்று என்ற உணர்வு அவர்களிடம் பிறக்கிறது. நாவலில் வர்க்க உணர்வு ஏட்டிலிருந்து இறக்குமதி செய்யப்படவில்லை. உணவுவிடுதியொன்றில் அடைந்த வெட்கத்திலிருந்து அது முளைக்கிறது. கலைஞனாகப் பார்பூஸ் பெற்ற வெற்றிகளுள் இது தலையாயது.

இன்னோர் அத்தியாயத்தில் அணியினர் ஒரு கிராமத்தில் நடப்பட்டிருக்கும் கம்பமொன்றைக் காண்கின்றனர். அகழிக்குத் திரும்பும் வேளையிற் பின்தங்கிநின்ற குற்றத்துக்காக ஒரு படைவீரனைச் சொந்தப் படையினரே அதிற் கட்டிச் சுட்டனர். பிறருக்குப் பாடமாகுமென்று அவன் கொல்லப்பட்டான். அவன் தோழர் அவ்விடத்தில் விட்டுச்சென்ற எழுத்துக்களைக் கதைசொல்லி வாசிக்கிறான். நாட்டின் நன்றியறிதலைக் கசப்போடு எள்ளும் எழுத்துக்கள் அவை. யுத்தத்தின்போது கட்டளைக்குக் கீழ்ப்படியாமைக்காகப் பிரெஞ்சுப் படையிற் சுடப்பட்டோர் தொகை 600 க்கு மேற்பட்டது என இன்றைய வரலாற்றாசிரியர் கணித்துள்ளனர். யுத்தத்தின் பின் 30,000 க்கும் மேற்பட்ட ஊர்களில் எழுந்த நினைவுக் கற்களிற் பலவற்றில் இவர்களின் பெயர்கள் பொறிக்கப்படவில்லை. அவர்களை நாட்டின் கூட்டு நினைவிற் சேர்த்துக்கொள்ளவேண்டுமெனப் பிரான்சின் பிரதமர் லியோனல் ஜொஸ்பான் பகிரங்கமாகக் கூறுவதற்கு 1998 ஆம் ஆண்டு வரவேண்டியிருந்தது. அரசுக்கு எண்பது ஆண்டுகள் எடுத்ததைத் தோழமை 1916 இலேயே ஓர் அத்தியாயமாக எழுதிவைத்தது.

அணியினர் ஒருவர்பின் ஒருவராக மாள்கின்றனர். எதிரியின் பிடியிலிருந்த தன் ஊருக்கு இரகசியமாகச் சென்ற பொத்தர்லூ, தன் மனைவி ஜேர்மன் படையினர் நடுவே புன்னகைத்திருப்பதைச் சாளரத்தினூடே காண்கிறான். அவள் இளையவள், வாழவேண்டியவள் என்று அவளை மன்னித்து, யுத்தம் முடிந்தபின் எல்லாவற்றையும் மீளத் தொடங்கலாம் என்னும் நம்பிக்கையோடு திரும்புகையில் எறிகணையொன்று அவனைக் கிழித்தெறிகிறது. கோப்ரல் பெர்த்திரான், எதிரிநாட்டில் யுத்தத்தை எதிர்த்து நின்ற கார்ல் லீப்க்னெக்டின் பெயரை மதிப்போடு சொல்லுகிறான். சற்றுநேரத்தில் அவனும் பிணமாகிறான். பெருந்தாக்குதல் நிகழும் அதே அத்தியாயத்திற் கணக்கன் கொக்கோனும் மடிகிறான். இறுதி அத்தியாயத்தில் வெள்ளமும் சேறும் மூடிய வெளியில் பிரெஞ்சுக்காரன் எவன் ஜேர்மானியன் எவன் என்று பிரித்தறிய முடியாது கிடக்கும் மனிதர்கள், யுத்தத்துக்கே முடிவுகட்டுவது பற்றிப் பேசத் தொடங்குகின்றனர்.

இவ்வாறு கூறும்போது நாவலுக்கு எதிராக எழுந்த வலுவான கண்டனத்தை நாம் மறைத்தலாகாது. அக்கண்டனத்தை எழுப்பியவர் வீட்டிலிருந்த தேசபக்தர் அல்லர். அகழிகளில் இரண்டு ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்து வெர்டன் களத்தையும் கண்ட ஜீன் நோர்ட்டன் குரூ என்னும் ஆசிரியர். அமெரிக்கக் கல்லூரியொன்றிற் பிரெஞ்சு கற்பித்த அவர், படைவீரர் எழுதிய சுமார் 300 நூல்களைத் தேடிப் பரிசோதித்து 1929 இல் ‘சாட்சிகள்’ என்னும் பெருநூலை வெளியிட்டார். நாள், இடம், படைப்பிரிவு ஆகியவற்றை ஒப்புநோக்கி எது கண்டது, எது கேட்டது, எது கற்பித்தது என்று பிரித்தார். இரத்த ஆறு, பிணமலை, துப்பாக்கிமுனைக் கத்திச் சண்டை என்பன பெரும்பாலும் இலக்கியக் கட்டுக்கதைகள் என்று முடிவுசெய்தார். பார்பூஸும் பின்வந்த றெமார்க்கும் உண்மையையும் புனைவையும் கலந்து சாட்சியென்ற பெயரில் விற்றனர் என்பது அவர் குற்றச்சாட்டு.

இக்குற்றச்சாட்டைப் பழமைவாதியின் கூச்சலென ஒதுக்குவது எளிது. ஆயின் அது நேர்மையாகாது. மாண்டவன் மறுத்துரைக்க இயலாதவன். அவன்மேல் எதையும் ஏற்றிச் சொல்லலாம் என்ற சுதந்திரத்தை எழுத்தாளன் எடுத்துக்கொண்டால், வீரனென்று பொய் புகழ்ந்தவனுக்கும் அவனுக்கும் வேறுபாடு குறைந்துவிடும். பார்பூஸின் சில பக்கங்களிற் பயங்கரம் தேவைக்கு மேற் குவிக்கப்பட்டிருப்பதையும், இறுதி அத்தியாயத்தில் படைவீரர் வாய்மொழியை மீறி ஆசிரியரின் மேடைப்பேச்சு ஒலிப்பதையும் நாம் ஒப்புக்கொள்ளவே வேண்டும். பதின்மூன்றாம் அத்தியாயத்தில் பார்க்குக்கு அளித்த வாக்குறுதி இங்கு ஓரளவு மீறப்படுகிறது.

நோர்ட்டன் குரூ முதலிடம் அளித்துப் போற்றியவர் மொறிஸ் ஜெனவுவா. 1890 இற் பிறந்த அவர் 106 ஆம் காலாட்படைப் பிரிவில் இளநிலை அதிகாரியாகப் பணியாற்றி, 1915 ஏப்ரல் 25 ஆந் திகதி படுகாயமடைந்து களத்திலிருந்து நீங்கினார். 1916 முதல் 1923 வரை ஐந்து நூல்களாக எழுதியவற்றை 1949 இல் ‘பதினான்கின் மனிதர்’ எனும் பொருள்படும் தலைப்பில் ஒன்றாக்கினார். முதல் நூலை, 1915 பெப்ரவரி 20 இல் லே சேபார்ஜில் மாண்ட நண்பன் ரொபேர் போர்ஷோனுக்குச் சமர்ப்பித்தார். அந்நண்பனின் நடையும் சிரிப்பும் பல நூறு பக்கங்களில் உயிரோடு உலவுகின்றன. ஜெனவுவா மிகைப்படுத்துவதில்லை, பிரசங்கம் செய்வதுமில்லை. ஆயின் இம்மனிதர் எவரால், எதற்காக இங்கு கொண்டுவரப்பட்டனர் என்ற வினாவையும் அவர் எழுப்புவதில்லை. 1980 இல் மறைந்த அவருடைய உடலெச்சத்தைப் பிரெஞ்சு அரசு 2020 நவம்பர் 11 இல் தேசிய மாமனிதரின் சமாதியான பந்தியோனில் மரியாதையோடு சேர்த்தது. அம்மரியாதைக்கு அவர் முற்றிலும் உரியவரே. எனினும், காரணம் கேட்காத நினைவை அரசுகள் ஏற்றுக்கொள்வது எளிது என்பதையும் நாம் மறந்துவிட முடியாது.

ஆக, இருவகைப் பேணுதல்கள் எம்முன் நிற்கின்றன. ஜெனவுவா மனிதனைக் காத்துத் தருகிறார்; பார்பூஸ் அவன் மாண்ட காரணத்தைத் தேடிச் செல்கிறார். முகமில்லாத காரணம் கோஷமாகிவிடும்; காரணமில்லாத முகம் காலப்போக்கிற் சுவரில் தொங்கும் படமாகிவிடும். ‘நெருப்பு’ தன் சிறந்த அத்தியாயங்களில் இவ்விரண்டையும் இணைக்கிறது. உணவுவிடுதியிலும் கம்பத்தருகிலும் பார்க்கின் கேள்வியிலும் முகமும் காரணமும் பிரிக்கமுடியாதவை. அது தளர்வது முகங்களை விட்டுக் காரணம் தனித்துப் பேசத் தொடங்கும் இடங்களிலேயே. முற்போக்கு எழுத்தாளன் கற்கவேண்டிய பாடம் இதுவென்று கருதுகிறோம். கருத்தைக் கைவிடும்படி நாம் கூறவில்லை. கருத்தைச் சுமக்கும் மனிதனை வழியில் இறக்கிவிடலாகாது என்றே கூறுகிறோம்.

இவ்வுண்மை பார்பூஸின் பிற்கால வாழ்விலும் துலங்குகிறது. 1917 நவம்பரில் போல் வயாங் கூத்தூரியே, ரேமோன் லெபேவ்ர் ஆகியோருடன் சேர்ந்து முன்னாட் படைவீரரின் குடியரசுச் சங்கத்தை அவர் நிறுவினார். நினைவு, அங்கே, ஊனமுற்றோரினதும் விதவையரினதும் உரிமைக்கான போராட்டமாக வடிவெடுத்தது. 1932 இல் ரோமேன் ரோலந்துடன் இணைந்து ஆம்ஸ்டர்டாமில் யுத்த எதிர்ப்பு மகாநாட்டைக் கூட்டினார். இவை தோழருக்கு அவர் ஆற்றிய உண்மையான அஞ்சலிகள். ஆனால் அதே பார்பூஸ் 1935 இல் ஸ்டாலினைப் போற்றி ஒரு வாழ்க்கை வரலாறும் எழுதினார். அவ்வாண்டு ஆகஸ்டில் மொஸ்கோவில் மறைந்தார். 1932, 1933 ஆம் ஆண்டுகளின் பஞ்சத்தில் உக்ரேனில் மட்டும் பல இலட்சம் உழவர் மாண்டனர் என்பது இன்று ஐயத்துக்கிடமற்ற வரலாறு. லாமியூஸையும் பொத்தர்லூவையும் போன்ற உழவரும் தொழிலாளருமே அங்கும் மடிந்தனர். தளபதிகளின் பெருஞ்சொற்களை அகழியில் இனங்கண்ட கண், தான் நேசித்த ஆட்சியின் பெருஞ்சொற்களை இனங்காணத் தவறியது. இதனால் ‘நெருப்பு’ சிறுமையடைந்துவிடாது. ஆனால் அந்நூல் கற்பித்த விழிப்பு அதன் ஆசிரியரிடமும் கேட்கப்படவேண்டியதே.

பிரான்ஸ் அந்த யுத்தத்தில் 13 இலட்சத்துக்கும் மேற்பட்ட படைவீரரை இழந்தது. 1921 ஜனவரி 28 இல் பாரிஸ் வெற்றி வளைவின்கீழ் பெயரறியாப் படைவீரன் ஒருவன் அடக்கஞ் செய்யப்பட்டான். பெயரில்லாதவன் எல்லோருக்கும் பொதுவானவன். அவன் எவரையும் கேள்வி கேட்பதுமில்லை. பார்பூஸின் அணியினருக்கோ பெயருண்டு, தொழிலுண்டு, கொச்சைமொழியுண்டு, சினமுண்டு. ஆதலால் அவர்களுக்கு மலர்வளையம் சாத்திவிட்டு நிம்மதியாக வீடு திரும்புதல் இயலாது. நீண்ட யுத்தமொன்றை 2009 வரை அனுபவித்த எமது நாட்டிலும் மாண்டோருக்காகப் பேசும் குரல்கள் பல. அவற்றைக் கேட்கும்போது பார்க்கின் கேள்வியை நாமும் கேட்கப் பழகுதல் நன்று: அவர்கள் பேசியபடியே பேசவைக்கிறீர்களா, அன்றி உங்களுக்கு ஏற்றவாறு திருத்திவிட்டீர்களா? இக்கேள்விக்கு நேர்மையாக விடைகூறக்கூடிய எழுத்தே மாண்டோர்பால் நாம் பட்ட கடனைச் சிறிதளவேனும் தீர்க்கும் என்பது எமது துணிபு.